இரண்டாவது சூடம்

நான் எடுத்த படத்தை நானே நம்பவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பத்து வருடத்துக்கு மேலாக இந்தச் சந்தேகம். வெளியில் யாரிடமும் சொன்னதில்லை. உங்களிடம் சொல்வதற்குப் பெரிய காரணம் ஒன்றும் இல்லை. நீங்கள் சங்ககிரியில் இறங்கிவிடுவீர்கள், நான் சேலம் போய்விடுவேன். அவ்வளவுதான்.

பையில் என்ன என்று கேட்டீர்கள். மைக், ஒரு சின்ன ஸ்டாண்டு, கொஞ்சம் ஒயர். கேமரா என்று தனியாக இப்போது ஒன்றும் இல்லை, எல்லாம் இந்தப் போன்தான். ஆவணப்படம் எடுக்கிறவன் நான். கல்யாண வீடியோவா என்று நீங்கள் கேட்கவில்லை பாருங்கள், அதனால்தான் பேசத் தோன்றியது.

இன்று மத்தியானம் திருப்பூரில் ஒருவரைப் பார்க்கப் போயிருந்தேன். பொன்னுரங்கம் என்று பெயர். என் படத்தில் வருகிற விஷயத்தையெல்லாம் எனக்குச் சொன்னவர் அவர்தான். அவர் பேச்சை வைத்துத்தான் படமே நின்றது. இன்று அவரிடம் கடைசியாக ஒரு கேள்வி கேட்டேன். சாதாரணக் கேள்வி. எங்கள் தொழிலில் தினமும் கேட்கிற கேள்வி. அவர் என்னையே கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு சுவரைப் பிடித்து எழுந்து உள்ளறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். அதில் என்ன தப்பு என்று பஸ் ஏறினதிலிருந்து யோசிக்கிறேன். நீங்கள்தான் சொல்ல வேண்டும். ஆனால் ஆரம்பத்திலிருந்து சொன்னால்தான் உங்களுக்குப் புரியும்.

திருப்பூரில் செல்லாண்டி நகர் என்று ஒன்று இருந்தது. இப்போது இல்லை. நகர் என்றதும் ஏதோ நினைத்துக்கொள்ளாதீர்கள். ஓடைக்கரையில் ஒரே ஒரு நீளச் சந்து. இரண்டு பக்கமும் ஓடும் தகரமும் போட்ட வீடுகள். சந்து முடிகிற இடத்தில் செல்லாண்டியம்மன் கோயில். எல்லோரும் பனியன் கம்பெனி ஆட்கள். டைலர், செக்கிங், டைலருக்குத் துணி மடித்துக் கொடுக்கிற கைமடி இப்படி. அந்தச் சந்து வீடுகளை எடுத்துவிட்டு அங்கே ரோடு போடப் போகிறார்கள் என்று பேச்சு வந்தது. பேச்சு என்ன பேச்சு, அளந்து கல்லே நட்டுவிட்டார்கள். அந்தச் சமயத்தில்தான் உள்ளாட்சித் தேர்தல். அதுவரைக்கும் ஒரு ரைஸ்மில்காரர் கவுன்சிலராக இருந்தார். ரோடு வரட்டும் என்று கை தூக்கினவர் அவர். வார்டு பெண்களுக்கு ஒதுக்கப்பட்டதும் தன் மனைவியை நிறுத்தினார். அந்த அம்மாவை நான் ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை, போஸ்டரில் மட்டும்தான் பார்த்தேன். போஸ்டரிலும் அவர்தான் பெரிதாக இருந்தார்.

சந்து ஆட்கள் உட்கார்ந்து பேசி, நம்மில் ஒருத்தியை நிறுத்துவோம் என்று முடிவெடுத்தார்கள். அதுதான் தங்கநாயகி. செக்கிங் வேலை. துணியில் ஓட்டை, அழுக்கு, விட்டுப்போன தையல் பார்த்து ஒதுக்குகிற வேலை. "இந்த வார்டுல நான் பாத்த ஓட்டைக்கெல்லாம் ரிஜெக்ட் போட்டா கார்ப்பரேசனே மிஞ்சாதுங்க" என்று என் கேமராவைப் பார்த்துச் சொன்னாள். படத்தில் அந்த இடத்தில் எங்கே திரையிட்டாலும் கைதட்டுவார்கள்.

சுயேச்சை என்பதால் அவளுக்குக் கிடைத்த சின்னம் தண்ணீர்க் குழாய். வாரக்கணக்கில் தண்ணீர் வராத சந்துக்குக் குழாய்ச் சின்னம். வீடு வீடாக ஓட்டுக் கேட்கப் போனால் பெண்கள் விட மாட்டார்கள்.

"ஏன் தங்கம், உன்ற குழாய்லயாவது தண்ணி வருமா?"

"திருகிப் பாரக்கா. தண்ணி வரலைன்னாலும் காத்து வரும்."

"காத்துதான் அஞ்சு வருசமா வருதே, நீ வேற எதுக்கு?"

சிரிப்பாகக் கிடந்தது அந்தச் சந்து. இதை நான் படத்தில் விட்டுவிட்டேன். படத்தின் தொனிக்கு ஒத்துவரவில்லை. அது சரியா என்று பிறகு பலமுறை யோசித்திருக்கிறேன். சிரித்த ஜனங்களைச் சிரிக்காத ஜனங்களாகக் காட்டிவிட்டேனோ? பின்னணி இசை அதிகமோ? என் குரலில் பேசினது தேவைதானா? இப்படி ஆயிரம். என்னை நானே கேட்காத கேள்வி இல்லை. என் மனைவி சொல்லுவாள், உங்களுக்கு வேலையே உங்களைக் கிண்டுவதுதான் என்று.

தேர்தல் முடிகிறவரை பொன்னுரங்கம் அண்ணன் வீட்டின் முன்னறையில்தான் தங்கினேன். மைக் செட் வைத்திருந்தார். தங்கநாயகிக்கு அவர் சொந்தமில்லை, ஆனால் சித்தப்பா என்றுதான் கூப்பிடுவாள். அந்தத் தேர்தலில் அவளுக்கு மூளை, கை, கால் எல்லாம் அவர்தான். கூடவே அவள் தம்பி நாச்சிமுத்து. ஓவர்லாக் டைலர். நோட்டீஸ் கட்டைச் சுமந்துகொண்டு அக்கா பின்னாலேயே வருவான். பேச மாட்டான். கேள்வி கேட்டால் என் செருப்பைப் பார்த்துப் பதில் சொல்லுவான். அவனிடமிருந்து உருப்படியாக ஒரு வரி எடுக்க முடிந்ததில்லை.

சூடம் விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் ஊரிலும் உண்டுதானே? சாமி முன்னால் சூடத்தைக் கொளுத்தி வைத்து, சொல்ல வேண்டியதைச் சொல்லி, எரிகிற சூடத்தை உள்ளங்கையால் அடித்து அணைக்கிறது. அடித்தால் சத்தியம். மீறினால் குடும்பத்துக்கு ஆகாது. தேர்தலில் பெரிய கட்சிக்காரர்கள் எதையாவது கொடுத்துவிட்டுச் சூடம் அடிக்கச் சொல்லுவார்கள். பொன்னுரங்கம் அண்ணன்தான் யோசனை சொன்னார்.

"அவனுக குடுத்துட்டு அடிக்கச் சொல்லுவானுக. அதுக்கு முன்னாடி நாம ஒண்ணுமே வாங்காம அடிச்சுப் போடுவோமுங்க. ஊட்டுக்கு ஒரு கை. அப்புறம் ரைஸ்மில்லையே எழுதிக் குடுத்தாலும் ஒருத்தனும் அசைய முடியாது."

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் சந்தே கோயில் முன்னால் கூடியது. இந்த மாதிரி ஒரு காட்சி ஒருவன் வாழ்க்கையில் ஒரு தடவைதான் கிடைக்கும். வரிசையாகத் தரையில் வெற்றிலை, வெற்றிலை மேல் சூடம். வீட்டுக்கு ஒருவர் உட்கார்ந்தார்கள். நான் அம்மன் பக்கத்தில் நின்று, அவர்கள் முகம் தெரிகிற மாதிரி கேமராவைப் பிடித்தேன். பூசாரி கொளுத்திக்கொண்டே போனார். "எங்க ஊட்டு ஓட்டு தங்கநாயகிக்கு. வேற ஆருக்குமில்ல. ஆத்தா மேல சத்தியம்." எல்லோர் கையும் ஒரே நேரத்தில் இறங்கியது. அந்தச் சத்தம் இருக்கிறதே. கைதட்டல் மாதிரி இருக்காது. தரையை அடிக்கிற சத்தம்.

எடுத்ததைப் போட்டுப் பார்த்தேன். ஒருவர் முகமும் தெரியவில்லை. கோயில் கிழக்குப் பார்த்தது. காலை வெயில் அவர்கள் முதுகுக்குப் பின்னால் அடித்தது. எல்லாம் கரிக்கட்டை. எந்த முகம் யாருடையது என்றே தெரியவில்லை. உங்களுக்கு இது சின்ன விஷயமாக இருக்கலாம். முகம் இல்லாத சத்தியத்தை யார் நம்புவார்கள்?

உடனே வழி தோன்றிவிட்டது. இதை நான் இன்றைக்கும் கல்லூரியில் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். வெளிச்சத்தை நகர்த்த முடியாது, ஆளை நகர்த்தலாம். அவர்களைத் திருப்பி உட்கார வைத்தால் வெயில் முகத்தில் விழும், பின்னால் அம்மனும் தெரியும். நான் எதிரில் தெருவில் நின்றுகொள்ளலாம். ஒரே ஃபிரேமுக்குள் எல்லாம் அமைந்துவிடும்.

"எல்லாரும் அப்படியே இந்தப் பக்கம் திரும்பிக்குங்க. இன்னொரு தடவை அடிச்சிருவோம்."

ஒருவரும் அசையவில்லை.

பூசாரிதான் கேட்டார். "திரும்பறதுன்னா... ஆத்தாளுக்கு முதுகு காட்டியாங்க?"

"சும்மா படத்துக்குத்தான் பூசாரி. நிஜமில்லை."

தேனிப் பக்கத்திலிருந்து வந்த ஒரு பெண் அவள் ஊர்ப் பேச்சில் சிரித்தாள். "நடிக்கச் சொல்றாருடி. ஏலே, மூஞ்சியக் கழுவிட்டு வாங்கடா."

பழைய ஆட்கள் நாலைந்து பேர் பொன்னுரங்கம் அண்ணனைப் பார்த்தார்கள். அவர் தங்கநாயகியைப் பார்த்தார். அவள் என்னைப் பார்த்தாள். நான் சொன்னேன், இந்தப் படம் கோட்டை வரைக்கும் போகும், முகம் தெரியாவிட்டால் பிரயோஜனம் இல்லை என்று. உண்மையைத்தானே சொன்னேன்.

"அடிச்சிருங்க சித்தப்பா" என்றாள். "அண்ணன் நம்ம நல்லதுக்குத்தான் சொல்லுவாரு."

திரும்பினார்கள். மறுபடி வெற்றிலை, மறுபடி சூடம். பூசாரி வரவில்லை, கோயிலுக்குள் போய்விட்டார். தீப்பெட்டியை நானே வாங்கிக் கொளுத்தினேன். அதே வார்த்தை, அதே அடி. இந்தத் தடவை ஒவ்வொரு முகமும் தெரிந்தது. படத்தின் போஸ்டரே அந்தக் காட்சிதான். முகமெல்லாம் வெயில், பின்னால் அம்மன், கைகள் தரையில். ஒரு திரைவிழாவில் நடுவராக வந்த பெரியவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, இப்படி ஒரு நிஜத்தை நான் பார்த்ததில்லை என்றார்.

ஒருவன் மட்டும் திரும்பவில்லை. நாச்சிமுத்து. "நான் ஒருக்கா அடிச்சுட்டனுங்க" என்றான், என் செருப்பைப் பார்த்து. நாங்கள் வற்புறுத்தினோம். அவன் எழுந்து வேட்டியைத் தட்டிவிட்டுக்கொண்டு ஓடைப் பக்கம் நடந்து போய்விட்டான். அது டேப்பில் இருக்கிறது. அவன் முதுகு.

பிறகு நடந்தது எல்லா ஊரிலும் நடக்கிறதுதான். ஓட்டுப் பதிவுக்கு முன்னால் சந்தில் வீட்டுக்கு ஒரு குக்கர் ரைஸ்மில்காரர் இறக்கினார் என்று கேள்விப்பட்டேன். பிரஷர் குக்கர். இறக்கினதை நான் பார்க்கவில்லை, அன்றைக்குக் கோயம்புத்தூரில் டேப் வாங்கப் போயிருந்தேன். எனக்குக் கவலையும் இல்லை. சூடம் இருக்கிறதே என்று இருந்தேன். தங்கநாயகியும் அப்படித்தான் இருந்தாள். "வாங்கிட்டுப் போகட்டும் விடுங்க. சோறு பொங்கித் தின்னுட்டு நமக்குத்தான் போடுவாங்க."

அந்தச் சந்துக்கு என்று தனியாக ஒரு பூத். அதில் அவளுக்கு விழுந்தது விரல் விட்டு எண்ணுகிற ஓட்டு. வார்டில் வேறு எங்கே தோற்றிருந்தாலும் அவள் தாங்கியிருப்பாள். எண்ணுகிற இடத்தில் ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். நான் கேமராவைக் கொண்டுபோனேன். "எங்க சந்துப் பொட்டியா இது? நல்லாப் பாத்தீங்களா?" என்று திரும்பத் திரும்ப அதையே கேட்டாள். என்னைக் கேட்டாளா, கேமராவைக் கேட்டாளா தெரியவில்லை.

இப்போது சொல்லுங்கள். ஒரு சந்தே சத்தியம் செய்கிறது. அந்தச் சந்தே மீறுகிறது. எப்படி? யாரோ ஒருவர் முதலில் மீறியிருக்க வேண்டும், மற்றவர்களைக் கலைத்திருக்க வேண்டும். யார் அது? என் படத்துக்கு அதுதான் முடிச்சு. வீடு வீடாகப் போய்க் கேட்டேன். கதவைச் சாத்தினார்கள். சிரித்துப் பேசின பெண்கள் தண்ணீர்க் குடத்தைத் தூக்கிக்கொண்டு எதிர்ப் பக்கம் நடந்தார்கள். கடைசியில் பொன்னுரங்கம் அண்ணனை உட்கார வைத்துப் பேட்டி எடுத்தேன். முதலில் அவரும் மழுப்பினார்.

"எல்லாருந்தானுங்க. யாருன்னு சொல்றது?"

"எல்லாரும்னு சொன்னா படம் நிக்காதுண்ணே. ஊரையே குத்தம் சொன்னா யாரையும் குத்தம் சொன்ன மாதிரி ஆகாது. யாராவது ஒருத்தர் ஆரம்பிச்சிருக்கணும்ல? யாருண்ணே?"

நெடுநேரம் ஒன்றும் சொல்லவில்லை. நான் நிறுத்தவில்லை, கேமராவை ஓடவிட்டேன். மௌனத்தை எடுக்கத் தெரியாதவன் ஆவணப்படம் எடுக்கக் கூடாது. கடைசியில், "அந்த நாச்சிமுத்துப் பையன்தானுங்க. குக்கரைக் கொண்டாந்து இறக்கினது அவந்தான்" என்றார்.

எல்லாம் பொருந்தியது. அவன் ஏன் இரண்டாவது தடவை அடிக்க மாட்டேன் என்றான்? கேமராவில் முகம் விழுந்தால் மாட்டிக்கொள்வோம் என்று பயம். படத்தில் பொன்னுரங்கம் அண்ணன் பேச்சையும், அவன் எழுந்து போகிற முதுகையும் அடுத்தடுத்து வைத்தேன். நான் ஒரு வார்த்தை சேர்க்கவில்லை. அவர் சொன்னார், அவன் நடந்தான். அவ்வளவுதான்.

பனியன் தொழிலாளர் சங்கக் கட்டடத்தில் படத்தைச் சந்து ஆட்களுக்குப் போட்டுக் காட்டினோம். அக்காவும் தம்பியும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தார்கள். அந்த முதுகு வந்ததும் தங்கநாயகி எழுந்து போய்விட்டாள். தம்பி பக்கம் திரும்பவில்லை. மற்றவர்கள் யாரும் ஒன்றும் சொல்லவில்லை. அப்படியா, இல்லையா என்று ஒரு குரல் வரவில்லை. ஒத்துக்கொண்டுவிட்டார்கள் என்று நினைத்தேன். வெளியே வந்தபோது நாச்சிமுத்து என்னிடம் வந்தான். முதல் தடவையாக முகத்தைப் பார்த்தான்.

"மறுபடி ஒருக்கா போட்டுப் பாருங்கண்ணா. நான் ஒரு தடவைதான் அடிச்சேன்."

"அதைத்தானப்பா படமும் சொல்லுது" என்றேன்.

அந்த வாரமே ஊரை விட்டுப் போய்விட்டான். ஓசூர்ப் பக்கம் என்றார்கள். அடுத்த வருடம் சந்தை இடித்தார்கள். எல்லோருக்கும் ஊருக்கு வெளியே அடுக்குமாடியில் வீடு கொடுத்தார்கள். கம்பெனிக்கு இரண்டு பஸ் மாற வேண்டும். பாதிப் பேர் கொடுத்த வீட்டைப் பூட்டிவிட்டு வேறெங்கோ போனார்கள்.

எனக்குச் சந்தேகம் எப்போது வந்தது தெரியுமா? வகுப்பில். பிள்ளைகளுக்குப் பொன்னுரங்கம் அண்ணன் பேட்டியைப் போட்டு, மௌனம் எப்படி வேலை செய்கிறது என்று விளக்கிக்கொண்டிருந்தேன். ஒரு பெண் கை தூக்கினாள். "சார், அவருக்குப் பின்னாடி அடுப்படியில புதுக் குக்கர் இருக்கு சார். ஸ்டிக்கர்கூடக் கிழிக்கலை." நான் அதுவரை அவர் முகத்தைத்தான் பார்த்திருந்தேன். ஓரத்தைப் பார்க்கவில்லை. அன்றிலிருந்து தூக்கம் சரியில்லை. சந்து ஆட்களை விற்றது பொன்னுரங்கமா? தான் தப்பிக்க அந்தப் பையனைக் காட்டிக்கொடுத்தாரா? இந்த மனிதர் எனக்குச் சொன்னதில் எது உண்மை? போய்க் கேட்க வேண்டும், கேட்க வேண்டும் என்றே வருடம் போனது. வேலை, கல்லூரி, சோம்பல். இப்போது ஒரு திரைவிழாவில் படத்தைத் திரும்பப் போடுகிறார்கள். கடைசியில் இன்றைய நிலவரம் என்று பத்து நிமிடம் சேர்க்கச் சொல்லிக் கேட்டார்கள். கிளம்பினேன்.

நாலாவது மாடி. லிஃப்ட் ஓடவில்லை. முழங்கால் போய்விட்டதால் அவர் கீழேயே இறங்குவதில்லையாம். மைக் செட்டை எப்போதோ விற்றுவிட்டார். மனைவி பாவாயி அக்கா சமையலில் இருந்தார், என்னைப் பார்த்து வாங்க என்று சொல்லவில்லை, தண்ணீர் மட்டும் கொண்டுவந்து வைத்தார்.

"படம் இன்னும் ஓடுதுங்களா?" என்றார் அண்ணன்.

"ஓடுதுண்ணே. வெளிநாட்டுலகூட."

"அங்கெல்லாம் ஓடுது. தங்கம் மூணாவது பிளாக்குல இருக்குது. அது இன்னும் எங்க ஊட்டுக்குத் தாண்டி வரலைங்க."

நான் போனை ஸ்டாண்டில் வைத்தேன். வேண்டாம் என்று அவர் சொல்லவில்லை. நேராகக் கேட்டுவிட்டேன். "அண்ணே, நாச்சிமுத்து இல்லை. நீங்கதானே?"

அவர் கோபப்படவில்லை. சிரித்த மாதிரிகூட இருந்தது.

"இன்னமும் ஒரு ஆளைத்தான் தேடறீங்களா?"

பிறகு சொன்னார். அவர் சொன்னதை அப்படியே சொல்கிறேன், கேளுங்கள். செல்லாண்டியம்மன் முன்னால் அடித்த சத்தியத்தை ஒருவன் திருப்பி வாங்கிக்கொள்ள வேண்டும் என்றால் அதற்கு ஒரு முறை உண்டாம். பழைய ஆட்களுக்குத்தான் தெரியுமாம். அதே ஆள், அதே இடத்தில், ஆத்தாளுக்கு முதுகு காட்டி உட்கார்ந்து, இன்னொரு சூடம் அடித்தால் முதல் சத்தியம் விட்டுப்போகும்.

"அதைத்தானுங்க அன்னைக்குப் பண்ணினோம். சந்தே சேந்து. நீங்க தீக்குச்சி கிழிச்சீங்க."

போன் ஓடுகிறதா என்று ஒரு தடவை பார்த்துக்கொண்டேன்.

"இளவட்டங்களுக்கு அதெல்லாம் தெரியாதுங்க. பூசாரிக்குத் தெரியும், எனக்குத் தெரியும், இன்னொரு நாலஞ்சு பேருக்குத் தெரியும். குக்கர் வந்து இறங்கின அன்னைக்கு எல்லாத்துக்கும் தெரிஞ்சு போச்சு. ஒவ்வொருத்தனும் பூசாரிகிட்டப் போயி, கட்டுப்படுத்துமா கட்டுப்படுத்தாதான்னு கேட்டுட்டு வந்து குக்கரை எடுத்துக்கிட்டான். தங்கத்து ஊட்டுல மட்டும் ஆரும் சொல்லலை. நானும் எடுத்துக்கிட்டேன். மறைக்கறதுக்கு என்ன இருக்குது."

"தெரிஞ்சும் ஏண்ணே அன்னைக்குத் திரும்பினீங்க? ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே."

"நீங்க பெரிய ஆளு. சும்மா படத்துக்குன்னீங்க. அந்தப் புள்ளையும் அடிங்க சித்தப்பான்னுச்சு." முழங்காலைத் தடவிக்கொண்டார். "எதுக்கும் இருக்கட்டுமேன்னு மனசுல ஒரு பக்கம் தோணியிருக்குமோ என்னவோ. அதையும் நான் இல்லைன்னு சொல்ல மாட்டேன்."

நான் தலையில் கை வைத்துக்கொண்டேன். இந்த மனிதர்களை என்ன சொல்வது, நீங்களே சொல்லுங்கள். ஒரு வழக்கத்தின் இடுக்கில் இவ்வளவு பெரிய துரோகம் ஒளிந்திருக்கிறது, இத்தனை நாள் எனக்கு ஒருவரும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் படம் எப்படி வந்திருக்கும்!

"அப்ப நாச்சிமுத்து?"

"அவன் ஒருத்தன்தானுங்க திரும்பலை. அந்தச் சந்துலயே சத்தியத்துக்குக் கட்டுப்பட்டவன் அவன் ஒருத்தன்தான். அந்தப் பொட்டியில விழுந்த நாலு ஓட்டு அவிங்க ஊட்டு ஓட்டு. நீங்க யாரு யாருன்னு கேட்டுட்டே இருந்தீங்க. எல்லாரும்னேன், படம் நிக்காதுன்னீங்க. அந்த நேரத்துக்கு, திரும்பாதவன் பேருதான் வாயில வந்துச்சு. அவனைப் பாத்தாத்தான் எங்களுக்கெல்லாம் எரிஞ்சுது."

அடுப்படியில் பாவாயி அக்கா பாத்திரம் கழுவுகிற சத்தம் நின்றிருந்தது. கேட்டுக்கொண்டிருந்திருக்க வேண்டும்.

அண்ணன் என் பக்கம் குனிந்தார். குரல் இறங்கிவிட்டது. ஊர் முழுக்க மைக்கில் கேட்ட குரல்.

"ஒரு ஒதவி பண்ணுங்க. தங்கம் ஆறு மணிக்கு மேல வேலை முடிஞ்சு வந்துரும். நேராப் போயி சொல்லிப் போடுங்க. தம்பி மேல தப்பில்லைன்னு. நாங்க சொன்னா நம்பாது, எங்க மூஞ்சியிலயே முழிக்காது. நீங்க சொன்னா நம்பும். அது இன்னைக்கும் உங்க படத்தைத்தான் நம்புது. அவன் எங்க இருக்கான்னு அதுக்குத் தெரியும்னு பேசிக்கறாங்க. பேரு மட்டும் நேராயிட்டா வந்துருவான். நான் கண்ணை மூடறதுக்குள்ள..."

போனேனா என்று கேட்கிறீர்கள். ஆறு மணிக்கு இந்த பஸ். நாளைக்கு எனக்கு வகுப்பு இருக்கிறது. தவிர, வாய் வார்த்தையாகப் போய்ச் சொன்னால் எடுபடுமா? படத்தில் போன பெயர் படத்தில்தான் திரும்பி வர வேண்டும். அதற்கு அவர் பேசினது சுத்தமாகப் பதிவாகியிருக்க வேண்டும். என் கண் கலங்கித்தான் இருந்தது, அதையும் சொல்லிவிடுகிறேன். நான் கல் இல்லை. ஆனால் அவர் அந்தக் கடைசி விஷயத்தைச் சொல்லும்போது, அவன் ஒருத்தன்தான் திரும்பலை என்று சொன்னாரே அந்த இடத்தில், அடுப்பில் குக்கர் விசில் அடித்துவிட்டது. அதே குக்கர்தான், பார்த்தேன், கைப்பிடி மட்டும் மாற்றியிருக்கிறார்கள். போனை எடுத்துக் காதில் வைத்துக் கேட்டுப் பார்த்தேன். வெறும் விசில்தான் கேட்டது. அவர் வாய் அசைகிறது, வார்த்தை இல்லை. போதாததற்கு ஜன்னல் அவருக்குப் பின்னால். முகம் முழுக்க இருட்டு.

அதனால்தான் கேட்டேன். மரியாதையாகத்தான் கேட்டேன்.

"அண்ணே, விசில் விழுந்துருச்சு. கொஞ்சம் அந்த ஜன்னல் பக்கம் திரும்பி உக்காந்து, இப்பச் சொன்னதை அப்படியே இன்னொரு தடவை சொல்லுவீங்களா?"